நீங்கதான் சொன்னீங்க

பதினைந்து வயதில் நோரீன் பில்டிச் பள்ளிக்கூடத்தை விட்டாள். பெரிய காரணம் எதுவும் இல்லை. க்ராய்டனில் அவர்கள் தெருவில் பதினைந்து ஆனால் எல்லாப் பெண்களும் விட்டுவிடுவார்கள். அக்கா டாஃப்னி ஏற்கெனவே பிஸ்கட் தொழிற்சாலைக்குப் போய்க்கொண்டிருந்தாள். நோரீனுக்கு நாலு பேர் முன்னால் வாய் திறக்க வராது என்பதால் அம்மா அவளைத் தட்டச்சுப் பழக அனுப்பினாள். "அந்த இரைச்சல்ல யாரும் உங்கிட்ட பேச்சுக் குடுக்க மாட்டாங்க" என்றாள்.

அம்மா சொன்னபடியே ஆயிற்று. 1955இல் லண்டனில் ஒரு தொலைக்காட்சி நிறுவனத்தின் தட்டச்சுக் கூடத்தில் வேலை கிடைத்தது. முப்பது பெண்கள், முப்பது இயந்திரங்கள். நகைச்சுவை நிகழ்ச்சிகளின் ஸ்கிரிப்ட்டுகள் அங்கே வந்துதான் பிரதியாகும். மற்றவர்கள் ஜன்னலைப் பார்த்துக்கொண்டே அடித்துத் தள்ளுவார்கள். நோரீன் படித்துக்கொண்டே அடிப்பாள். எந்த இடத்தில் சிரிப்பு வரும், எந்த இடத்தில் வரவேண்டியது வராமல் போகும் என்று அவளுக்குத் தெரிந்தது. எப்படித் தெரிந்தது என்று கேட்டிருந்தால் முகம் சிவந்திருப்பாள்.

ஒருமுறை ஒரு காட்சி வந்தது. அறை வாடகைக்குக் கேட்டு வந்தவன், சுவரில் ஈரம் இருக்குமா என்று வீட்டுக்காரியை விசாரிக்கிறான். முன்னால் குடியிருந்தவர் ஒரு வார்த்தை குறை சொன்னதில்லை என்கிறாள் அவள். அவர் இப்போது எங்கே என்று கேட்கிறான். "தண்ணி வத்தினதும்தான் தேடிப் பாக்கணும்" என்கிறாள். அதற்குப் பிறகும் மூன்று வரி இருந்தது. அந்த மூன்றையும் நோரீன் அடிக்கவில்லை. ஏன் அப்படிச் செய்தாள் என்று அவளுக்கே தெரியாது. பிரதி போய்ச் சேர்ந்த பிறகு இரண்டு நாள் கூடத்தின் கதவு திறக்கும்போதெல்லாம் தலையைக் குனிந்துகொண்டாள்.

மூன்றாம் நாள் அதை எழுதிய டென்சில் ரூக் கூடத்துக்கே வந்துவிட்டான். கார்ன்வால்காரன், அவளைவிடப் பத்து வயது மூத்தவன். மழைக்கோட்டைக் கழற்றாமல் மேசை மேசையாகப் பார்த்துக்கொண்டு வந்தான்.

"ஈரச் சுவர் சீனை யாரு அடிச்சது?"

நோரீன் கை தூக்கினாள்.

"என்ன சிரிப்பு தெரியுமா நேத்து! கூரை பிச்சுக்கிச்சு. அந்த எடத்துலயா நான் நிறுத்தியிருந்தேன்?"

வேலை போகப் போகிறது என்று பயந்திருந்தவளுக்கு, போகாது என்று தெரிந்த நொடியில் ஒரு வார்த்தைதான் வாயில் வந்தது. "ஆமா சார். நீங்கதான் எழுதினீங்க."

"கெட்டிக்காரன்தான் நான்" என்றான் டென்சில். அடுத்த மாதமே அவளைத் தன்னோடு வேலைக்கு எடுத்துக்கொண்டான்.

ஹேமர்ஸ்மித்தில் ஒரு சலவைக்கடைக்கு மேலே அறை. கீழிருந்து நீராவி வாடை ஏறி வரும். குளிர்காலத்தில் அது உதவிதான். டென்சில் ஜன்னலுக்கும் எரிவாயு அடுப்புக்கும் இடையே நடப்பான். நடந்தால்தான் அவனுக்குப் பேச்சு வரும். பத்து வரி சொல்லுவான். நோரீன் அதில் இரண்டை மட்டும் அப்படியே அடிப்பாள், ஒன்றைத் திருப்பிப் போடுவாள், நடுவே தன்னுடையதாக நாலு வரி சேர்ப்பாள். தாள் முடிந்ததும் அவன் தோளுக்குப் பின்னாலிருந்து படிப்பான்.

"இதுவா? இதை நானா சொன்னேன்?"

"நீங்கதான் சொன்னீங்க."

முதல் சில மாதங்களில் ஒன்றிரண்டு தடவை உண்மையைச் சொல்லிப் பார்த்தாள். "இது நான் சேத்தது" என்றால் டென்சில் தாளைத் தூக்கிப் பிடித்துக் கண்ணைச் சுருக்குவான். இது அந்தப் பாத்திரத்துக்குப் பொருந்துமா என்பான், அரை மணி நேரம் வாதாடுவான், வரி செத்துவிடும். அவன் சொன்னது என்று சொல்லிவிட்டால் போதும், வரி பிழைத்துக்கொள்ளும். அவளுக்கு வரி பிழைப்பதுதான் முக்கியமாக இருந்தது. கெட்ட எண்ணம் டென்சிலுக்குக் கிடையாது. தேநீர் அவன்தான் போடுவான். கிறிஸ்துமஸுக்கு டாஃப்னிக்கும் சேர்த்து இனிப்புப் பெட்டி வாங்கி வருவான். அவள் சொன்னதை அவன் நம்பினான், அவ்வளவுதான்.

பதினெட்டு வருடம் இப்படிப் போயிற்று. ஐந்து தொடர்கள் வந்தன. அதில் ஒன்று, பேருந்து நடத்துநர் குடும்பத்தின் கதை, சினிமாவாகவும் வந்தது. அந்தக் காலத்தில் ஓடுகிற தொடரை எல்லாம் சினிமா ஆக்குவார்கள். குடும்பத்தைக் கடற்கரை விடுதிக்கு அனுப்பிவிட்டால் கதை ஆயிற்று. திரையில் 'எழுத்து: டென்சில் ரூக்' என்று பெரிதாக வரும். அதன் கீழே 'உடன் நோரீன் பில்டிச்' என்று வரும். 'உடன்' என்கிற சொல்லை முதலில் யார் போட்டார்கள் என்று யாருக்கும் நினைவில்லை. அது மாறவும் இல்லை. டாஃப்னி மட்டும் ஒவ்வொரு தடவையும், "உடன்னா என்னடி? கூடவே டீயும் பன்னும்ங்கிற மாதிரியா?" என்பாள்.

டென்சிலிடம் நோரீன் சொன்ன கதைகளில் ஒன்று அவளுக்கே நடந்தது. பத்தொன்பது வயதில், கூட வேலை பார்த்த பெண்ணின் கல்யாண விருந்துக்குப் போனாள். ஓட்டலில் அன்றைக்கு இரண்டு கல்யாணம். தவறான மண்டபத்தில் நுழைந்துவிட்டாள். நுழைந்ததும் ஒரு கிழவி ஓடிவந்து கட்டிக்கொண்டு, "கனடாவுலேருந்து வந்துட்டியா தாயே!" என்று அழுதுவிட்டாள். இல்லை என்று சொல்ல நோரீனுக்கு வாய் வரவில்லை. உட்காரவைத்தார்கள், படம் எடுத்தார்கள், கேக் கொடுத்தார்கள். மாப்பிள்ளைக்குச் சித்தி முறை என்று தெரிந்துகொண்டாள். இவ்வளவு சின்ன வயசா என்று யாரோ கேட்டதற்கு, கனடா தண்ணி அப்படி என்று கிழவியே பதில் சொல்லிவிட்டாள். ஒரு மணி நேரம் கழித்து, பெட்டியும் கையுமாக ஒரு பெண் வாசலில் வந்து நின்றாள். முப்பது முப்பத்தைந்து இருக்கும். நோரீனைப் பார்த்தாள். கிழவியின் முகத்தில் இருந்த சந்தோஷத்தைப் பார்த்தாள். "மன்னிக்கணும், தப்பான கல்யாணத்துக்கு வந்துட்டேன் போலிருக்கு" என்று சொல்லிவிட்டுத் திரும்பிப் போய்விட்டாள். ஜன்னல் வழியே பார்த்தபோது அவள் பேருந்து நிறுத்தத்தில் பெட்டியின் மேல் உட்கார்ந்திருந்தாள். அந்த ஜன்னல் பகுதியை மட்டும் நோரீன் யாரிடமும் சொன்னதில்லை.

ஒரு தொடரில் இதைப் போடலாம் என்று டென்சில் ஒருமுறை எடுத்தான். ஒத்திகைக் கூடம் நிறைய நடிகர்கள். "இது யாருக்கு நடந்துச்சு? நோரி, என் அத்தை பொண்ணுக்குத்தானே?" என்று எல்லோர் முன்னாலும் கேட்டான். இருபது முகம் அவள் பக்கம் திரும்பியது. "ஆமா, நீங்கதான் சொன்னீங்க" என்றாள். காட்சி நீளம் என்று பிறகு வெட்டிவிட்டார்கள்.

1974இல் டென்சிலை ஒரு வினாடிவினா நிகழ்ச்சிக்குக் கூப்பிட்டார்கள். பேச்சுக்காரன், அங்கே கொடிகட்டிப் பறந்தான். அறைக்கு வருவது குறைந்து, பிறகு நின்றே போயிற்று. சலவைக்கடைக்காரரிடம் சாவியைக் கொடுத்துவிட்டு, தட்டச்சு இயந்திரத்தை நோரீன் க்ராய்டனுக்கு எடுத்துப்போனாள்.

சமையலறை மேசையில் வைத்து, கனடாச் சித்தி கதையைத் தனியாக எழுதினாள். ஒரு கூச்சக்காரி, தப்பான குடும்பத்தில் மாட்டிக்கொண்டு, வெளியே வரத் தெரியாமல் வருடக்கணக்கில் அவர்களுக்குச் சித்தியாகவே இருக்கிறாள். முதல் பகுதி அந்தக் கல்யாண நாளில் நடக்கிறது. கதவு திறக்கிறது, நிஜச் சித்தி பெட்டியோடு நிற்கிறாள், அந்த ஒரு வரியைச் சொல்லிவிட்டுப் போகிறாள். கடைசியில் பேருந்து நிறுத்தத்தில் இருவரும் சந்திக்கிற காட்சி. அட்டையில் 'எழுத்து: நோரீன் பில்டிச்' என்று அடித்தாள். மேலேயும் கீழேயும் வேறு பெயர் இல்லை.

அவர்களுடைய பழைய தொடர்களை இயக்கிய ஹ்யூ லாவிங்டனுக்கு அது பிடித்துவிட்டது. நகைச்சுவைப் பிரிவின் தலைவர் கான்வேயிடம் அவன்தான் போராடினான். கான்வே நோரீனைக் கூப்பிட்டு உட்காரவைத்து, வெளிப்படையாகவே சொன்னார்.

"தப்பா எடுத்துக்காதீங்க மிஸ் பில்டிச். உங்க ரெண்டு பேர்ல சிரிப்புக்காரரு டென்சில்னுதான் இந்தக் கட்டடமே நம்புது. ஒரே ஒரு எபிசோட் எடுத்துப் பாப்போம். ஜனங்க சிரிச்சா ஆறு தரேன். சிரிக்கலைன்னா, நம்ம நட்பு நட்பாவே இருக்கட்டும்."

ஆறு பகுதி, தன் ஒரு பெயர். நாற்பது வயதுக்குள் நோரீன் மனதார வேண்டும் என்று நினைத்தது அது ஒன்றைத்தான்.

1976 நவம்பரில், ஒரு தேவாலயக் கூடத்தில் ஒத்திகை நடந்தது. தரையில் கலர் டேப் ஒட்டி, இது கதவு, இது கேக் மேசை என்று வைத்துக்கொண்டார்கள். நாயகி க்ளெனிஸ் ஹார்ப் நல்ல நடிகை. வியாழக்கிழமை கேமராக்காரர்களும் விளக்குக்காரர்களும் பார்க்க வந்தார்கள். அவர்கள் எதற்கும் சிரிக்காத ஆட்கள். அடுத்த வேளைச் சாப்பாட்டை நினைத்துக்கொண்டு நிற்பார்கள். கதவு திறந்து அந்த வரி வந்ததும், விளக்குக்காரர் ஒருவர் தன் தொப்பியால் வாயை மூடிக்கொண்டார். ஹ்யூ நோரீன் பக்கம் திரும்பிக் கண் சிமிட்டினான்.

சனிக்கிழமை மாலை பதிவு. பதிவுக்கு முன்னால், வந்திருக்கும் முந்நூறு பேரையும் கொஞ்சம் சிரிக்கப் பழக்கிவிட ஓர் ஆள் உண்டு. குளிர்ந்த கூட்டம் சிரிக்காது என்பதற்காக அந்த ஏற்பாடு. அன்றைக்கு மதியம் அந்த ஆளுக்குத் தொண்டை கட்டிக்கொண்டது. ஹ்யூ யோசிக்காமல் டென்சிலுக்குத் தொலைபேசி போட்டுவிட்டான். டென்சில் வாடகைக் காரில் பறந்து வந்தான்.

"எங்க நோரியோட ஷோவுக்கு நான் வராம வேற எவன் வருவான்?" என்று அவள் இரண்டு கன்னத்திலும் முத்தம் கொடுத்தான்.

"ஸ்கிரிப்ட் படிக்கிறீங்களா?" என்று கேட்டாள்.

"வேணாம் கண்ணு. ஜனங்களோட ஜனமா உக்காந்து பாக்கிறேன். தெரிஞ்சுட்டா சிரிப்பு வராது."

எழுத்தாளர்கள் கடைசி வரிசையில் உட்கார்வது வழக்கம். நோரீன் கைப்பையை மடியில் வைத்துக்கொண்டு அங்கே உட்கார்ந்தாள். டென்சில் மைக்கைப் பிடித்ததும் கூட்டம் அவன் கைக்குள் வந்துவிட்டது.

"உங்கள்ல எத்தனை பேரு ஓசி டிக்கெட்டு? எல்லாருமா? அப்ப பிடிக்கலைன்னா காசு திருப்பிக் கேக்க முடியாது, பாத்துக்கோங்க! அங்க யாரு, லூட்டன் மாதர் சங்கமா? வீட்டுக்காரங்களை எங்க விட்டீங்க? லூட்டன்லயேவா? நல்ல காரியம் பண்ணீங்க, திரும்பப் போய் எடுக்கவும் வேணாம்!"

பத்து நிமிடத்தில் முடித்திருக்க வேண்டும். ஒரு கேமரா மக்கர் பண்ணியது. இன்னும் கொஞ்சம் இழு என்று ஹ்யூவின் உதவியாள் இரண்டு கையையும் விரித்துக் காட்டினான். டென்சில் இழுத்தான். மாமியார் ஜோக்கு போயிற்று, பாதிரியார் ஜோக்கு போயிற்று, கையிருப்பு தீர்ந்தது. மறுபடியும் கை விரிந்தது.

"சரி, நிஜமா நடந்த கதை ஒண்ணு சொல்றேன்" என்றான் டென்சில். "என் அத்தை பொண்ணு ஒருத்தி. வாயில்லாப் பூச்சி. ஒரு நாள் ஒரு ஓட்டலுக்குக் கல்யாணத்துக்குப் போறா. பாத்தா அங்க ரெண்டு கல்யாணம்."

நோரீனுக்கு அந்த முதல் வாக்கியத்திலேயே தெரிந்துவிட்டது. ஏதாவது செய்ய வேண்டும். சத்தம் போட வேண்டும், கையாவது ஆட்ட வேண்டும். எழுந்தாள். முழுதாக எழவில்லை, பாதி. பக்கத்து வரிசைக்காரர் யாரோ திரும்பிப் பார்த்தார். பக்கவாட்டுப் படியில் உட்கார்ந்திருந்த ஒரு பெண், "உக்காருங்கம்மா, மறைக்குது" என்றாள். "நல்ல எடத்துல எந்திரிக்கிறாங்க பாரு" என்றாள் அவளோடு வந்தவள்.

"மன்னிக்கணும்" என்று சொல்லி நோரீன் உட்கார்ந்துவிட்டாள்.

டென்சில் அதை அற்புதமாகச் சொன்னான். கிழவியாக அழுதான், கனடா தண்ணி என்றான், பெட்டியைத் தூக்கிக்கொண்டு வாசலில் நின்றான், ஒரு கணம் சும்மா இருந்தான், வரியைச் சொன்னான். முந்நூறு பேரும் ஒருவர் மேல் ஒருவர் விழுந்து சிரித்தார்கள். லூட்டன் மாதர் சங்கத்தில் ஒருத்தி கைக்குட்டையால் கண்ணைத் துடைத்தாள். கேமரா சரியாகிவிட்டது. டென்சில் கும்பிடு போட்டுவிட்டு இறங்கி, முன்வரிசையில் ஆவலோடு உட்கார்ந்தான்.

பதிவு தொடங்கியது. கல்யாண மண்டபம் தெரிந்ததுமே கூட்டத்தில் ஒரு முணுமுணுப்பு ஓடியது. கிழவி க்ளெனிஸைக் கட்டிக்கொண்டபோது, "இது அந்தாளு சொன்னதுல்ல?" என்று யாரோ சொன்னது நோரீனுக்கே கேட்டது. க்ளெனிஸ் ஒவ்வொரு வரியாகப் போட்டுக்கொண்டே போனாள். கிணற்றில் போடுகிற மாதிரி இருந்தது. கதவு திறந்தது. பெட்டியோடு நிஜச் சித்தி. "மன்னிக்கணும், தப்பான கல்யாணத்துக்கு வந்துட்டேன் போலிருக்கு." இரண்டு பேர் இருமினார்கள். ஒருத்தர் மரியாதைக்குக் கை தட்டப் பார்த்து நிறுத்திக்கொண்டார். அதற்குப் பின் பேருந்து நிறுத்தக் காட்சியில், எதற்குச் சிரிப்பது, எதற்கு வருத்தப்படுவது என்று கூட்டத்துக்குத் தெரியவில்லை. கோட்டுகளைத் தேடத் தொடங்கினார்கள்.

முன்வரிசையில் டென்சில் திரும்பித் திரும்பி எல்லோரையும் பார்த்தான். அவனுக்குக் கோபம் வந்திருந்தது. "ஏன்யா, சிரிங்களேன்!" என்று பக்கத்திலிருந்தவரைக் கடிந்துகொண்டான்.

திங்கட்கிழமை கான்வே கூப்பிட்டார். வேறு நிகழ்ச்சியின் சிரிப்பை எடுத்து ஒட்டிவிடலாம் என்று ஹ்யூ ஏற்கெனவே மன்றாடிப் பார்த்திருந்தான். கான்வே ஒப்புக்கொள்ளவில்லை.

"நான் மேல அறையில உக்காந்து ரெண்டையும் கேட்டேன் மிஸ் பில்டிச். ஒரே கதை. அவரு சொன்னா கூரை பறக்குது. நீங்க எழுதினா சாவு வீடு. இதுக்கு மேல நான் என்ன சொல்ல? அதுவும் போக, அவரு குடும்பக் கதையை எடுத்திருக்கீங்க. ஒரு வார்த்தை கேட்டிருக்கலாம்."

"அது எனக்கு நடந்தது" என்றாள் நோரீன். அவ்வளவு உரக்க அந்த அறையில் அவள் பேசியதில்லை.

கான்வே பரிவோடு தலையாட்டினார். நம்பவில்லை என்பது அந்தப் பரிவிலேயே தெரிந்தது. "டென்சிலோட சேந்து எழுதுங்க. அவருக்கும் சம்மதம். ஆறு இல்ல, பதிமூணு தரேன்."

டென்சில் கீழே உணவகத்தில் முட்டையும் வறுவலும் சாப்பிட்டுக்கொண்டிருந்தான். நோரீன் எதிரே உட்கார்ந்தாள்.

"அந்தக் கல்யாணத்துக்குப் போனது நான் டென்சில். உங்க அத்தை பொண்ணு இல்ல. நாந்தான் உங்ககிட்ட சொன்னேன். நீங்க மேல போய் அதை மட்டும் சொல்லுங்க. வேற ஒண்ணும் வேணாம்."

டென்சில் முள்கரண்டியைக் கீழே வைத்தான். நிஜமாகவே யோசித்தான்.

"நோரி, நான் பொய் சொல்வேனா? என் அத்தை பொண்ணு ஹில்டா, அவ முகமே எனக்குத் தெரியுது. ஒத்திகையில எல்லாரும் இருக்கறப்ப உங்கிட்டயே கேட்டேன். நீதானே சொன்னே, 'நீங்கதான் சொன்னீங்க'ன்னு?"

"சொன்னேன்."

"அப்ப பொய்யா?"

"ஆமா."

"எதுக்குக் கண்ணு அப்படிச் சொன்னே?"

சொல்லத் தொடங்கினால் அந்த ஒன்றோடு நிற்காது. பதினெட்டு வருடத்தின் எந்த வரி யாருடையது என்று பிரிக்க வேண்டியிருக்கும். பிரித்தால் எதிரே உட்கார்ந்திருக்கும் மனிதனிடம் என்ன மிஞ்சும் என்று அவள் பார்த்துக்கொண்டிருந்தாள். அவன் கோட்டில் முட்டை சிந்தியிருந்தது.

"பதிமூணு எபிசோட் நோரி! நம்ம ரெண்டு பேரும் மறுபடியும்!"

"இல்ல டென்சில்" என்றாள். "என்னால முடியாது."

அவன் விழித்தான். அவளிடமிருந்து அந்த வார்த்தையை அவன் அதற்குமுன் கேட்டதில்லை.

அதோடு அவளுடைய எழுத்து வேலை முடிந்தது. யாரும் துரத்தவில்லை, கூப்பிடவில்லை, அவ்வளவுதான். கொஞ்ச நாள் வாழ்த்து அட்டைகளுக்கு வேடிக்கை வரி எழுதினாள். பிறகு க்ராய்டன் நகர மன்றத்தில் தட்டச்சு வேலை. குடிநீர்க் குழாய், குப்பை அள்ளுவது பற்றிய கடிதங்கள். அவற்றில் அவள் ஒரு வரியையும் விடவில்லை.

இரண்டு வருடம் கழித்து ஒரு சனிக்கிழமை, தொலைக்காட்சிப் பேட்டி ஒன்றில் டென்சில் கனடாச் சித்தி கதையைச் சொன்னான். நாடே சிரித்தது. டாஃப்னி எழுந்துபோய் டிவியை நிறுத்தினாள். "உன்னோடதுல அந்த பஸ் ஸ்டாப்பு இருந்துச்சே. அது நல்லா இருந்துச்சு. மேசையில எடுத்துப் படிச்சப்ப எனக்கு அழுகை வந்துச்சு" என்றாள். அக்கா எதையும் நல்லா இருந்தது என்று சொல்கிறவள் அல்ல.

திங்கட்கிழமை மதிய இடைவேளையில், நோரீன் நிறுவனத்தின் ஒளிநாடாக் கிடங்குக்குத் தொலைபேசி செய்தாள். அந்த ஒரு பகுதியைத் தான் மறுபடி பார்க்க முடியுமா என்று கேட்பதற்கு மூன்று தடவை எண்ணைச் சுழற்றிவிட்டு வைத்தாள். நாலாம் தடவை பேசினாள். மறுமுனையில் ஒருவர் பேரேட்டைப் புரட்டுகிற சத்தம் கேட்டது.

"அது இல்லைங்கம்மா. டேப்பு விலை அதிகம்னு அழிச்சிட்டு மேலயே வேற பதிஞ்சிடுவோம். இப்ப அதுல... இருங்க... டான்காஸ்டர் குதிரைப் பந்தயம் இருக்கு."



"குதிரையாவது சரியான மைதானத்துக்கு வந்துச்சா?" என்று கேட்டாள் நோரீன்.

மறுமுனையில் அந்த மனிதர் சிரித்தார். வயிற்றிலிருந்து வந்த சிரிப்பு, நிற்க மாட்டேன் என்றது. "நல்லா கேட்டீங்க போங்க! சரியான மைதானத்துக்கா!" என்று மறுபடி சிரித்தார். பின்னால் யாரிடமோ அதைத் திருப்பிச் சொல்வதும், அந்த ஆளும் சிரிப்பதும் கேட்டது. "ஒரு அம்மா கேக்கறாங்கப்பா" என்றார்.

நோரீன் காத்திருந்தாள். தன் பெயரை அவர் கேட்பார் என்று நினைத்தாள். சிரித்துக்கொண்டே அவர் தொலைபேசியை வைத்துவிட்டார்.